கடைக்கோடிக் குழாயில் குளோரின் இருக்கிறதா?

எங்கள் குடியிருப்புக்குப் புதிதாக வாடகைக்கு வருகிறவர்கள் வீட்டைச் சுற்றிப் பார்த்து முடித்ததும் தவறாமல் கேட்கும் கேள்வி ஒன்று உண்டு. "இங்கே தண்ணீர் கேன் யார் போடுகிறார்கள் அக்கா?" சமையலறையில் குடிநீர் வாரியம் அனுப்பும் மெட்ரோ தண்ணீருக்கென்று தனிக் குழாய் இருப்பதைக் காட்டினால், அது பாத்திரம் கழுவுவதற்கு என்று எடுத்துக்கொள்கிறார்கள். சிலர் குழாயைத் திறந்து முகர்ந்து பார்த்துவிட்டு, "பிளீச்சிங் பவுடர் வாடை அடிக்கிறதே" என்று முகம் சுளிக்கிறார்கள். எனக்கோ அந்த வாடை துளியும் இல்லாத நாளில்தான் கவலை பிடித்துக்கொள்ளும்.

நான் பள்ளியில் வேதியியல் கற்பித்து ஓய்வு பெற்றவள். அயனாவரத்தில் குடியிருக்கிறேன். குடியிருப்போர் சங்கத்தில் தண்ணீர்ப் பொறுப்பு என்னிடம் வந்து பல ஆண்டுகள் ஆகின்றன. சென்னையின் பொதுக் குடிநீரைப் பற்றி இத்தனை நாளில் எனக்கு உறுதியாகியிருக்கும் கருத்து இதுதான்: ஏரியிலிருந்து சுத்திகரிப்பு நிலையம் வரைக்கும், அங்கிருந்து பகிர்மான நிலையம் வரைக்கும் நம் தண்ணீர் தேர்ந்த கைகளில் இருக்கிறது. அது ஆபத்தைச் சந்திப்பது கடைசிச் சில நூறு மீட்டரில், நம் தெருவிலும் நம் வாசலிலும். அந்தத் தூரத்தைக் காப்பதில் குடியிருக்கும் நமக்கும் பங்கு உண்டு. கேன் வாங்கத் தொடங்கியபோது அந்தப் பங்கை நாம் கைவிட்டோம்.

கீழ்ப்பாக்கம் நீரேற்று நிலையம் எங்கள் பகுதியை அடுத்துத்தான் இருக்கிறது. சென்னையின் குடிநீர் வரலாற்றில் அந்த வளாகத்துக்கு இருக்கும் இடம் அக்கம்பக்கத்தில் வசிப்பவர்களுக்கே சரியாகத் தெரியாது. 1772இல் கேப்டன் பேக்கர் வகுத்த திட்டப்படி வடசென்னையில் கிணறுகள் தோண்டி ஜார்ஜ் கோட்டைக்கு நீர் கொண்டுபோனார்கள். இன்றைய ஏழுகிணறு அந்த இடம். அது கோட்டைக்குள் இருந்தவர்களுக்கான ஏற்பாடு. ஊராருக்குத் தெருக்கிணறும் குளமும்தான். 1866இல் ஃபிரேசர் என்ற பொறியாளர், கொசஸ்தலை ஆற்று நீரைத் தாமரைப்பாக்கத்தில் மறித்துத் திருப்பி, சோழவரம், செங்குன்றம் ஏரிகள் வழியாக நகருக்குக் கொண்டுவரலாம் என்றார். 1872இல் அந்த நீர் கீழ்ப்பாக்கம் வந்து சேர்ந்து, அங்கிருந்து ஊருக்குள் குழாய்களில் இறங்கியது. ஊர் மக்களுக்கெல்லாம் குழாயில் தண்ணீர் என்பது அன்று எவ்வளவு பெரிய காரியமாக இருந்திருக்கும்!

ஆனால் அது வடிகட்டப்படாத நீர். செங்குன்றத்திலிருந்து திறந்த கால்வாயில் வந்தது. வழியில் எது விழுந்தாலும், எது கலந்தாலும் குழாய்க்குள் போயிற்று. காலரா இந்த ஊரைத் திரும்பத் திரும்பத் தாக்கிய காலம் அது. ஊர் முழுக்க ஒரே நீரைக் குடிக்கும்போது அந்த நீரில் நோய் இருந்தால் அதுவும் ஊர் முழுக்கப் போகும். பொதுக் குடிநீரில் இருக்கும் பெரிய பொறுப்பே இதில்தான் அடங்கியிருக்கிறது. கிணறு கெட்டால் ஒரு தெரு படுக்கும். குழாய் கெட்டால் நகரம் படுத்துவிடும்.

1914இல் கீழ்ப்பாக்கம் புது உருவம் பெற்றது. மேட்லி என்ற சிறப்புப் பொறியாளரின் பொறுப்பில், செங்குன்றத்திலிருந்து மூடிய கால்வாய், மெதுவாக வடிகட்டும் மணற்படுகைகள், நீரை ஏற்றி அனுப்பும் இயந்திரங்கள் எல்லாம் வந்தன. 1961ஆம் ஆண்டில் நகரில் 6,60,000 பேர் இருப்பார்கள், ஆளுக்கு நாளொன்றுக்கு 25 கேலன் தேவைப்படும் என்று கணக்கிட்டுத் திட்டமிட்டார்கள். 1961 வந்தபோது நகரின் மக்கள்தொகை 17 லட்சத்தைத் தாண்டியிருந்தது. கணக்கு பொய்த்துப்போனாலும், அரை நூற்றாண்டுக்குப் பின்னால் பிறக்கப்போகிறவர்களின் தாகத்தை நினைத்துக் குழாய் பதித்த அந்த மனத்தை நான் மதிக்கிறேன்.

அந்த மணற்படுகைகளைப் பற்றி மாணவர்களுக்கு விரும்பிச் சொல்லிக்கொடுப்பேன். நீர் மிக மெதுவாக மணலுக்குள் இறங்கும்போது, மேற்பரப்பில் சில நாட்களில் வழுவழுப்பான ஒரு படலம் உருவாகும். பாசிகளும் நல்ல நுண்ணுயிர்களும் சேர்ந்த உயிருள்ள படலம். நோய்க்கிருமிகளைப் பெருமளவுக்குப் பிடித்துத் தின்றுவிடுவது அந்தப் படலம்தான். மணல் அதற்கு ஓர் இருப்பிடம், அவ்வளவே. படலம் தடித்து நீர் இறங்குவது குறைந்தால், மேல்மணலைச் சுரண்டி எடுத்துவிட்டு மறுபடி வளரவிடுவார்கள். மருந்து ஏதும் இல்லாமல் நீரைத் தூய்மைப்படுத்தும் முறை இது. பெரிய பரப்பு வேண்டும், பொறுமை வேண்டும். நகரம் பெருத்தபின் வேகமாக வடிகட்டும் முறைகள் வந்தன.

இன்று நம் தண்ணீர் எங்கிருந்தெல்லாம் வருகிறது என்பதைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் செய்தித்தாள்கள் இதைத்தான் நாள்தோறும் எழுதுகின்றன. பூண்டி 3,231 மில்லியன் கன அடி, சோழவரம் 1,081, செங்குன்றம் 3,300, செம்பரம்பாக்கம் 3,645. 2020இல் பயன்பாட்டுக்கு வந்த கண்ணன்கோட்டை – தேர்வாய் கண்டிகை 500. எல்லாம் நிரம்பினால் ஏறத்தாழ 11.75 டிஎம்சி, அதாவது ஆயிரம் மில்லியன் கன அடிக் கணக்கில். இதற்கு மேல் 1983 ஒப்பந்தப்படி ஆண்டுக்கு 12 டிஎம்சி கிருஷ்ணா நீர் கிடைக்க வேண்டும். 1996இல் முதன்முதலாக வந்தது, அதற்குப் பின் முழு அளவு வருவது அரிது. 2004இலிருந்து வீராணம் ஏரி நீர் 200 கிலோமீட்டருக்கு மேல் குழாயில் பயணம் செய்து போரூர் சேர்கிறது. மீஞ்சூரை அடுத்த காட்டுப்பள்ளியிலும் நெம்மேலியிலும் கடல்நீரைக் குடிநீராக்குகிறார்கள்.

2019இல் ஏரிகள் வறண்டு பாளம்பாளமாக வெடித்துக் கிடந்தபோது, ஜோலார்பேட்டையிலிருந்து 50 வேகன்களில் 25 லட்சம் லிட்டர் தண்ணீர் ரயிலில் வில்லிவாக்கம் வந்தது. எல்லாத் தொலைக்காட்சிகளும் அந்த ரயிலைக் காட்டின. அதற்குப் பிறகு நடந்ததைத்தான் நான் முக்கியமாகக் கருதுகிறேன். அந்த நீரை அப்படியே லாரியில் ஊற்றி அனுப்பிவிடவில்லை. வில்லிவாக்கத்திலிருந்து குழாய் வழியாகக் கீழ்ப்பாக்கத்துக்குக் கொண்டுபோய், சுத்திகரித்து, அதன் பிறகே நகருக்கு விட்டார்கள். ஊரே குடத்தோடு காத்துக்கொண்டிருந்த அந்த நேரத்திலும் அந்த ஒரு படியை யாரும் தாண்டிப் போகவில்லை. இந்த ஒழுங்கு ஒரு நாளில் வருவதில்லை.

சுத்திகரிப்பு நிலையத்தில் என்ன நடக்கிறது? செம்பரம்பாக்கத்தில் 2007இலிருந்து இயங்கும் நிலையம் நாளொன்றுக்கு 530 மில்லியன் லிட்டர் கையாளும் திறன் கொண்டது. ஏரி நீரைப் படிகளில் வழியவிட்டுக் காற்றோட்டம் கொடுக்கிறார்கள். கரைந்திருக்கும் இரும்பும் வேண்டாத வாயுக்களும் அங்கே குறைகின்றன. பிறகு படிகாரம். நம் பாட்டிமார் கலங்கிய ஆற்று நீரில் படிகாரக் கட்டியைச் சுழற்றுவார்களே, அதே வேதியியல். களிமண் துகள்கள் ஒன்றையொன்று விலக்கிக்கொண்டு மிதப்பதால்தான் நீர் தெளிவதில்லை. படிகாரம் அந்த விலக்கலைக் கெடுத்து அவற்றைத் திரளச் செய்கிறது. மெல்லக் கலக்கக் கலக்கத் திரள் பெரிதாகி அடியில் படிகிறது. படியாமல் எஞ்சியதை மணல் வடிகட்டி பிடிக்கிறது. வடிகட்டியை அவ்வப்போது கீழிருந்து மேலாக நீரும் காற்றும் செலுத்திக் கழுவுகிறார்கள். இந்தக் கழுவலில் சோம்பல் பட்டால் முழு நிலையமும் வீண்.

நீரைத் தெளியவைப்பது பார்வைக்காக மட்டும் என்று நினைப்பவர்கள் பலர். கலங்கல் துகளுக்குள் கிருமி ஒளிந்துகொள்ளும். குளோரின் அங்கே எட்டாது. சில ஒட்டுண்ணிகளின் முட்டைகள் குளோரினுக்கு அஞ்சுவதே இல்லை. அவற்றை வடிகட்டித்தான் தடுக்க முடியும். இந்தியத் தர நிர்ணய அமைவனம் குடிநீருக்கு வகுத்திருக்கும் ஐ.எஸ். 10500 என்ற விதித்தொகுப்பு, கலங்கல் 1 அலகுக்கு மேல் போகாமலிருப்பது நல்லது என்கிறது. வேறு நீருக்கு வழியே இல்லையென்றால் 5 வரை பொறுத்துக்கொள்கிறது. மலத்தொற்றைக் காட்டிக்கொடுக்கும் ஈ. கோலி பாக்டீரியா விஷயத்தில் இந்த விட்டுக்கொடுத்தல் கிடையாது. 100 மில்லி லிட்டரில் ஒன்றுகூட இருக்கக் கூடாது.

வடிகட்டிய பின் குளோரின். அரை மணி நேரமாவது நீரோடு இருந்தால்தான் அது தன் வேலையைச் செய்யும். முதலில் சேர்த்த குளோரினின் ஒரு பகுதி நீரில் எஞ்சியிருக்கும் அழுக்கோடு வினைபுரிந்து தீர்ந்துவிடும். தீராமல் மிஞ்சுவது எஞ்சிய குளோரின். அதுதான் குழாயில் நம் வீடு வரைக்கும் வரும் வழித்துணை. நடுவில் எங்காவது கொஞ்சம் அழுக்கு புகுந்தால் அதை எதிர்கொண்டு தானும் அழியும். தூரம் அதிகமானால் குறைந்துகொண்டே வரும் என்பதால் பகிர்மான நிலையங்களில் மறுபடியும் குளோரின் சேர்க்கிறார்கள். கடைக்கோடிக் குழாயில் லிட்டருக்கு 0.2 மில்லி கிராமாவது மிஞ்சியிருக்க வேண்டும் என்பது விதி.

குளோரின் புற்றுநோய் தரும் என்று வாட்ஸ்அப்பில் வருவதை எனக்குக் கவலையோடு அனுப்புகிறார்கள். நீரில் உள்ள இலைதழை மக்கலோடு குளோரின் வினைபுரிந்து சில துணைப் பொருட்கள் உருவாவது உண்மை. அவற்றுக்கும் விதித்தொகுப்பில் வரம்பு இருக்கிறது. ஆனால் கிருமிநீக்கம் செய்யாத நீரால் வரும் ஆபத்தோடு ஒப்பிட்டால் அது மிகச் சிறியது என்பதே உலகச் சுகாதார நிறுவனத்தின் நிலைப்பாடு. கிருமி கலந்த நீர் ஒரே வாரத்தில் ஒரு குழந்தையைக் கொன்றுவிடக்கூடும். இதில் எனக்கு இரண்டாம் கருத்து இல்லை.

கடைசிச் சில நூறு மீட்டருக்கு வருகிறேன்.

சில ஆண்டுகளுக்கு முன் ஒரு மழைக்காலத்தில், எங்கள் குடியிருப்புக்கு அருகில் ஒரு சந்தில் குழந்தைகளுக்கு அடுத்தடுத்து வயிற்றுப்போக்கு கண்டது. நீரில் நிறமாற்றம் இல்லை. காலையில் முதலில் வரும் சில குடங்களில் மட்டும் ஒரு மட்கிய வாடை, பிறகு சரியாகிவிடும். அதனால் பலர் முதல் குடங்களைக் கொட்டிவிட்டு அடுத்ததைப் பிடித்துக் குடித்துக்கொண்டிருந்தார்கள். சந்தின் கடைசி வீட்டில் இருந்த ஒரு பாட்டிதான் விடாப்பிடியாகக் குடிநீர் வாரியத்தின் 1916 என்ற தொலைபேசி எண்ணுக்குப் புகார் செய்யச் சொன்னார்.

வாரியத்தின் வட்டார அலுவலகமான டிப்போவிலிருந்து ஒரு களப்பணியாளர் சோதனைப் பெட்டியுடன் வந்தார். அவர் வேலை செய்த விதத்தை நான் கூடவே நின்று பார்த்தேன். தண்ணீர் விடும் நேரத்துக்கு முன்பே வந்துவிட்டார். கடைசி வீட்டு அடிபம்பில் முதல் நீரைப் பிடித்து, சோதனைக் குழாயில் ஊற்றி, சில சொட்டுகள் விட்டார். குளோரின் இருந்தால் வர வேண்டிய மஞ்சள் நிறம் வரவே இல்லை. அடுத்த வீடு, அதற்கடுத்த வீடு என்று சந்தின் வாய்ப்பக்கமாக வந்துகொண்டே இருந்தார். எங்கும் நிறமில்லை. ஒரு வீட்டில் சட்டென்று நல்ல மஞ்சள். "அம்மா, கோளாறு இந்த வீட்டுக்கும் முந்தின வீட்டுக்கும் நடுவில்தான்" என்றார். அவ்வளவு துல்லியமாக ஒரு மண்ணடி இரகசியத்தை ஒரு சொட்டுத் திரவம் காட்டிக்கொடுத்தது. முப்பது ஆண்டுகள் வகுப்பறையில் நிறமாற்றச் சோதனை நடத்திய எனக்கு அன்றுதான் அதன் முழு மதிப்பும் தெரிந்தது என்று சொல்லலாம்.

தோண்டிப் பார்த்தபோது, எப்போதோ இடிக்கப்பட்ட ஒரு வீட்டின் பழைய இணைப்பு வெளிப்பட்டது. வீடு போய்விட்டது, இரும்புக் குழாய் மண்ணுக்குள் அப்படியே இருந்தது. அது கழிவுநீர் ஆள்நுழைவுத் தொட்டியின் சுவரைத் துளைத்துக்கொண்டு போயிருந்தது. தொட்டிக்குள் இருந்த பகுதி துருவேறி ஓட்டை விழுந்திருந்தது. அந்த இணைப்பைப் பிரதானக் குழாயிலேயே அடைத்து, குழாயைக் கழுவி, கூடுதல் குளோரின் விட்டு, மாதிரி எடுத்துப் பார்த்து, அதுவரை லாரியில் தண்ணீர் கொடுத்தார்கள். பாட்டி அந்தக் களப்பணியாளரைப் பிடித்துவைத்து, "சாப்பிட்டுவிட்டுத்தான் போக வேண்டும் தம்பி" என்றார்.

இது ஏன் நடக்கிறது என்பதை ஒவ்வொரு வீட்டுக்காரரும் புரிந்துகொள்ள வேண்டும். குழாயில் எந்நேரமும் அழுத்தத்தோடு நீர் இருந்தால், ஓட்டை இருந்தாலும் நீர் வெளியே கசியுமே தவிர அழுக்கு உள்ளே வராது. நம் ஊரில் சில மணி நேரம்தான் நீர் விடுகிறார்கள். மற்ற நேரம் குழாய் காலி. நீர் வடியும்போது உள்ளே வெற்றிடம் உருவாகிறது. அப்போது அதே ஓட்டை வழியாக மண்ணில் தேங்கிய கழிவு உள்ளே இழுக்கப்படுகிறது. மறுநாள் வால்வு திறந்ததும் அதுதான் முதல் குடத்தில் வருகிறது. குடிநீர்க் குழாயும் கழிவுநீர்க் குழாயும் பக்கவாட்டில் 3 மீட்டராவது விலகி இருக்க வேண்டும், முடியாவிட்டால் குடிநீர்க் குழாய் அரை மீட்டராவது மேலே இருக்க வேண்டும் என்று மத்திய அரசின் பொறியியல் கையேடு சொல்கிறது. அயனாவரம், வியாசர்பாடி, திருவல்லிக்கேணிச் சந்துகள் பலவற்றில் சந்தின் அகலமே 3 மீட்டர் வராது.

இதன் மேல் மோட்டார் வேறு. குடிநீர் இணைப்பில் நேரடியாக மோட்டார் பொருத்தி உறிஞ்சுகிறவர்கள் பக்கத்து வீட்டுப் பங்கை எடுத்துக்கொள்கிறார்கள் என்று மட்டும்தான் சண்டை நடக்கிறது. அவர்கள் குழாயில் வெற்றிடத்தையும் உண்டாக்குகிறார்கள். தெருவில் எங்கோ இருக்கும் ஒரு சிறு விரிசல் வழியாகச் சாக்கடை நீரை எல்லாருடைய வீட்டுக்கும் இழுத்துவிடுகிறார்கள், தங்கள் வீடு உட்பட. இது விதிக்குப் புறம்பானது. அதைவிட, தெருவில் இருக்கும் கைக்குழந்தைகளுக்குச் செய்யும் துரோகம். இதை நான் முகத்துக்கு நேராகச் சொன்னதால் என்னோடு பேசுவதை நிறுத்திய வீடுகள் உண்டு. பரவாயில்லை.

நீர் வாசலைத் தாண்டி உள்ளே வந்துவிட்டால் பொறுப்பு முழுக்க நம்முடையது. மெட்ரோ தண்ணீர்த் தொட்டி வேறு, போர்வெல் தண்ணீர்த் தொட்டி வேறு என்று பிரித்து வைத்திருக்கும் குடியிருப்புகளில் பாதிச் சிக்கல் இல்லை. எங்கள் சம்பின், அதாவது நிலத்தடித் தொட்டியின், மூடி முன்பு தரைமட்டத்தில் இருந்தது. 2015 டிசம்பர் வெள்ளத்தில் தெருநீர் உள்ளே போனபின், வாய்ச்சுவரை முழங்கால் உயரத்துக்கு எழுப்பி, மூடியைப் பூட்டி, காற்றுக்குழாய்க்குக் கொசுவலை கட்டினோம். கழிவுநீர்த் தொட்டி அருகில் இருந்தால் சம்பின் சுவர்ப் பூச்சில் விரிசல் இருக்கிறதா என்று காலியாக இருக்கும்போது பார்த்துவிட வேண்டும்.

சம்பில் நீர் இரண்டு மூன்று நாள் தேங்கினால் குளோரின் பறந்துவிடும். மழைக்காலத்தில் நாங்கள் மறுபடி சேர்க்கிறோம். ஆயிரம் லிட்டருக்கு 2.5 கிராம் நல்ல பிளீச்சிங் பவுடர் என்பது பொதுச் சுகாதாரப் பாடநூல்களில் உள்ள கணக்கு. அதைப் பொடியாக அப்படியே கொட்டக் கூடாது. ஒரு வாளி நீரில் கரைத்து, சுண்ணாம்பு அடியில் படியும்வரை பொறுத்து, மேலே தெளிந்த நீரை மட்டும் ஊற்ற வேண்டும். ஒரு மணி நேரம் கழித்தே பயன்படுத்தலாம். திறந்துவைத்த மூட்டையில் வாங்கிய பவுடருக்கு வீரியம் இருக்காது. மூடிய டப்பாவில், ஈரம் படாமல் வைக்க வேண்டும். அதிகம் போட்டால் அதிக நன்மை என்று யாராவது கை நிறைய அள்ளப்போனால் தடுத்துவிடுங்கள்.

இவ்வளவு தொல்லை எதற்கு, கேன் வாங்கினால் முடிந்துவிடாதா என்று கேட்கிறார்கள். கேன் தண்ணீருக்கும் தர விதி இருக்கிறது, முறையாக நடத்துகிறவர்களும் இருக்கிறார்கள். ஆனால் அந்த நீர் பெரும்பாலும் சென்னையைச் சுற்றியுள்ள கிராமங்களின் நிலத்தடியிலிருந்து எடுக்கப்படுவது. அந்தக் கிராமத்துக் கிணறுகள் வற்றுவது நம் சமையலறைக்குத் தெரிவதில்லை. வெயிலில் வண்டியில் நின்ற கேன், கேனைக் கவிழ்த்துவைக்கும் கழுவாத குழாய்ச்சாடி, இவற்றைப் பற்றி யாரும் கேள்வி கேட்பதில்லை. நீரிலிருந்து உப்பை நீக்கும் வீட்டு ஆர்.ஓ. கருவியும் அப்படித்தான். வேளச்சேரியிலும் பழைய மகாபலிபுரம் சாலையிலும் உப்பான போர்வெல் நீரை நம்பியிருப்பவர்களுக்கு அது தேவைப்படலாம். குழாயில் வரும் ஏரி நீருக்கு அது பெரும்பாலும் தேவையில்லை. கரைந்த உப்புகள் லிட்டருக்கு 500 மில்லி கிராம் வரை இருப்பதை விதித்தொகுப்பே ஏற்கிறது. கருவி முதலில் செய்வது குளோரினை நீக்குவது. பின்பு அந்தப் பாதுகாப்பற்ற நீரைத் தன் சிறு தொட்டியில் தேக்கிவைக்கிறது. ஒரு பங்கு குடிநீருக்குப் பல பங்கு நீரைச் சாக்கடைக்கு அனுப்புகிறது.

என்னை இவற்றைவிட அதிகமாக வருத்துவது வேறு. குரல் உள்ளவர்கள், கடிதம் எழுதத் தெரிந்தவர்கள், அதிகாரிகளைப் பெயர் சொல்லி அழைக்கக்கூடியவர்கள் எல்லாரும் கேனுக்குப் போய்விட்டார்கள். குழாயையும் தெருத்தொட்டியையும் நம்பி இருப்பவர்கள் வேலைக்கு ஓடவேண்டியவர்கள். 2011இல் மாநகராட்சியின் எல்லை 174 சதுர கிலோமீட்டரிலிருந்து 426ஆக விரிந்தது. சேர்ந்த பகுதிகளில் பல இடங்களுக்குக் குழாயே போயிருக்கவில்லை. தெருமுனையில் ஒரு கறுப்புத் தொட்டி, அதில் லாரி வந்து ஊற்றும். வரிசையில் குடங்களை நிற்கவைத்துவிட்டுப் பெண்கள் லாரியின் சத்தத்துக்குக் காது கொடுத்தபடி சோறு வடிப்பார்கள். என் வீட்டு வேலைகளில் உதவும் பெண்மணி பள்ளிக்கரணைப் பக்கம் இருந்தபோது, நேரம் தெரியாத லாரிக்காக வேலைக்கு வராமல் கூலி இழந்த நாட்களைச் சொல்லியிருக்கிறார். அந்தத் தொட்டியின் மூடி உடைந்திருந்தால், குழாயின் அடியில் பாசி பிடித்திருந்தால், அதைப் பற்றி யார் புகார் செய்வார்கள்? லாரி நிரப்பும் இடத்தில் குளோரின் அளக்கப்படுகிறது. தொட்டியில் ஒரு நாள் கிடந்தபின் என்ன மிஞ்சியிருக்கிறது என்பதும் அளக்கப்பட வேண்டும்.

சென்னையில் நீர்ச் சோதனைக்கு ஆள் இல்லாமல் இல்லை. குடிநீர் வாரியம் 1978இல் தொடங்கப்பட்டது. அதற்குச் சொந்த ஆய்வகம் இருக்கிறது, தெருத்தெருவாக மாதிரி எடுக்கிறார்கள். நூறாண்டுக்கு மேற்பட்ட கிண்டி கிங் நிலையத்திலும் நீர் ஆய்வு நடக்கிறது. ஏரிகளில் எவ்வளவு நீர் இருக்கிறது என்பது நாள்தோறும் இணையத்தில் வெளியாகி, நாமெல்லாரும் கிரிக்கெட் ஓட்டக்கணக்கைப் போல அதைப் பார்த்துவிட்டுப் பகிர்கிறோம். அதே அக்கறையோடு பார்க்கும்படி இன்னோர் எண்ணும் வெளிவர வேண்டும் என்பது என் கோரிக்கை.

ஒவ்வொரு மாதமும் இரண்டாம் சனிக்கிழமை காலை 10 முதல் 1 மணி வரை குடிநீர் வாரியத்தின் பகுதி அலுவலகங்களில் பொதுமக்கள் குறைகேட்புக் கூட்டம் நடக்கிறது. பெரும்பாலும் வரி, புது இணைப்பு, கழிவுநீர் அடைப்பு பற்றித்தான் பேச்சு நடக்கும். நான் கேட்டுவருவது இதை: ஒவ்வொரு டிப்போவிலும், தண்ணீர் விடும் ஒவ்வொரு தெருவின் கடைசி இணைப்பில் எடுத்த குளோரின் அளவை, தேதியோடு, வாசலில் ஒரு பலகையில் எழுதிவையுங்கள். தெருத்தொட்டிகளின் அளவையும் அதே பலகையில் எழுதுங்கள். 0.2க்குக் கீழே போன இடத்தைச் சிவப்பில் எழுதி, எப்போது சரி செய்யப்பட்டது என்பதை அடுத்த கட்டத்தில் எழுதுங்கள். அளப்பவர்கள் இருக்கிறார்கள், கருவி இருக்கிறது, பதிவேடும் இருக்கிறது. பலகை மட்டும்தான் புதிது. எங்கள் சங்கத்தில் சிலர் என்னோடு வரத் தொடங்கியிருக்கிறார்கள். அந்தச் சந்தின் கடைசி வீட்டுப் பாட்டியால் இப்போது நடக்க முடியவில்லை, அதனால் தன் மருமகளை அனுப்புகிறார். உங்கள் பகுதி அலுவலகம் எது என்று தெரியாவிட்டால் 1916இல் கேட்டால் சொல்வார்கள்.